கலாயோகியும் கைவினைஞன் காணியும்

கலாயோகி ஆனந்தக் குமாரசுவாமியைச் சிவநடனத்தின் தத்துவத்தை மேனாட்டார்க்கு விளக்கிய பேரறிஞராகவே நம்மவருட் பலர் அறிவர். 1918இல் வெளிவந்த அக்கட்டுரைத் தொகுதியின் ஒளியில் அவருடைய முந்திய ஆராய்ச்சிகள் மங்கிவிட்டன. கலைஞன் எதனை உண்டான், எக்காணியில் வாழ்ந்தான், அக்காணியின்மீது அவனுக்கிருந்த உரிமை யாது என்னும் வினாக்களே அவ்வாராய்ச்சிகளின் உயிர்நாடியாகும்.

1877இல் கொழும்பிற் பிறந்த இவர் சேர் முத்துக் குமாரசுவாமியின் மைந்தர். தந்தையார் இங்கிலாந்திற் பாரிஸ்டர் பட்டம் பெற்ற சட்ட அறிஞர். மைந்தரோ புவிச்சரிதவியல் பயின்று, 1903 முதல் 1906 வரை இலங்கைக் கனிப்பொருள் ஆய்வுப் பகுதியின் தலைவராயிருந்தார். கல்லைத் தேடி மலைநாட்டுக் கிராமங்களிற் கால்நடையாகத் திரிந்தவர் கண்டது கொல்லனையும் சித்திரகாரனையும் நெசவாளனையும். அவ்வலைச்சலின் விளைவே 1908இல் வெளிவந்த ‘மத்தியகாலச் சிங்களக் கலை’ என்னும் பெருநூல். வில்லியம் மொறிஸ் பயன்படுத்திய அதே அச்சுப்பொறியில், 425 பிரதிகள் மட்டுமே அது அச்சாயிற்று. கைத்தொழிலின் பெருமையைப் பேசும் நூல் கையச்சில் வந்தது பொருத்தமே.

அந்நூலிற் கலையழகைக் காட்டிலும் நிலவுரிமை பற்றிய பகுதிகள் கூர்ந்து நோக்கற்பாலன. கண்டி அரசிற் கைவினைஞன் நாட்கூலி பெற்றவனல்லன். அரசனுக்கோ விகாரைக்கோ நிந்தகப் பிரபுவுக்கோ குறித்த சேவை புரியும் கடப்பாட்டுடன் அவன் காணியொன்றை அனுபவித்தான். கிராமக் கொல்லனுக்கு உழவர் அறுவடையில் நெல் அளந்தனர். வயிற்றுக் கவலையின்றி வேலை செய்தமையாலேயே அவன் விரைவை நாடாது செம்மையை நாடினான் என்பது குமாரசுவாமியின் துணிபு. 1909இல் வெளியிட்ட ‘இந்தியக் கைவினைஞன்’ என்னும் சிறுநூலிலும் இக்கருத்தையே விரித்தார்.

சட்ட வரலாறு இங்கேதான் வந்து சேர்கின்றது. 1815இற் கண்டி வீழ்ந்ததும் அரச தொழிற்சாலைகள் ஆதரவிழந்தன. 1832இல் இராசகாரியம் ஒழிக்கப்பட்டது. ஆயினும் கோயிற் காணிகளிலும் நிந்தகங்களிலும் சேவை நீடித்தது. 1870ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சேவைக்காணிக் கட்டளைச் சட்டம் அச்சேவைகளைப் பதிவேட்டில் எழுதுவித்து, அவற்றைப் பணமாக மாற்றிக்கொள்ளவும் வழி செய்தது. ஒன்று குறிப்பிடத்தக்கது: பரவேணிக் குடியானவன், அஃதாவது பரம்பரை உரிமையுடையவன், சேவை செய்யத் தவறினும் அவனைக் காணியினின்று வெளியேற்ற வழக்கிட இயலாது, நட்டஈடே கோரலாம். கைவினைஞனைக் காத்தது கலையார்வம் மட்டுமன்று, இத்தகைய உரிமையுமாகும்.

குமாரசுவாமி பழைய ஒழுங்கின் நிழலைக் குறைத்தே காட்டினார் என்னும் குற்றச்சாட்டில் உண்மையுண்டு. இராசகாரியம் பலருக்குச் சுமையாயிருந்தது. இன்ன குலத்தான் இன்ன தொழிலே செய்தல் வேண்டுமென்னும் கட்டும் அதனோடு பிணைந்திருந்தது. எனினும், நிலமற்ற கூலியாளாக மாறிய கைவினைஞன் விடுதலை பெற்றானா என அவர் எழுப்பிய ஐயம் எளிதில் ஒதுக்கத்தக்கதன்று.

அதற்கு விடை தேட வட்டகொடைக்கு வரலாம். தலவாக்கலைக்கும் கிறேற் வெஸ்ரேணுக்கும் இடையே புகையிரதம் நிற்கும் இத்தேயிலை நாட்டிலிருந்து பூண்டுலோயாப் பக்கமாகக் கீழிறங்கினாற் கொத்மலையின் பழங்கிராமங்கள் காணப்படும். கீழே பரவேணி வயல். மேலே லயன் அறை. உரிமையை எண்பிக்காத காடும் தரிசும் முடிக்குரியன என 1840ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கச் சட்டம் கொண்டது; அவ்வழியே பெருந்தோட்டங்கள் பெருகின. தமிழகத்திலிருந்து வந்த தொழிலாளி 1865ஆம் ஆண்டின் 11ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ் முன்னறிவித்தலின்றி வேலையை விட்டகன்றாற் சிறை செல்லவும் நேர்ந்தது. கங்காணியின் கடனைச் சுமந்த ‘துண்டு’ முறை 1921இலேதான் நீக்கப்பட்டது. சேவை தவறிய கண்டிக் குடியானவனுக்குக் காணி நிலைத்தது. வேலை இழந்த தோட்டத் தொழிலாளிக்கோ குடியிருந்த அறையும் நிலைக்கவில்லை.

இம்மக்களிடமும் கலையுண்டு. மாசி பங்குனியிற் காமன் கூத்து ஆடப்படுகின்றது. பொன்னர் சங்கரும் அருச்சுனன் தபசும் அரங்கேறுகின்றன. ஆனால், தப்படிப்பவனுக்கு மானியக் காணி இல்லை. பகலிற் கொழுந்தும் கவ்வாத்தும்; இரவிற் கூத்து. செலவுக்கோ ஒவ்வொரு குடும்பமும் சம்பளத்திலிருந்து ஈயும் வரிப்பணம். இந்தக் கலைப்பொருளாதாரத்தை ஆராய்வதற்குக் குமாரசுவாமியின் முறையே இன்றும் துணையாகும்: ஆட்டத்தை வருணிக்குமுன் ஆடுபவனின் காணியைப் பற்றி வினாவுதல்.

1972, 1975ஆம் ஆண்டுகளின் காணிச் சீர்திருத்தத்தால் தோட்டங்கள் அரசுடைமையாயின; 1992இல் அவற்றின் முகாமை கம்பெனிகளிடம் சென்றது. இவற்றுள் எதுவும் லயத்தில் வாழ்ந்தவனைக் காணிக்காரனாக்கவில்லை. 2015ஐ அடுத்து, தனிவீட்டுடன் 7 பேர்ச் நிலம் என்னும் திட்டம் செயற்படலாயிற்று. பரவேணிப் பங்கென்பது வயலும் தோட்டமும் சேர்ந்தது. 7 பேர்ச்சோ வீட்டுக்கும் சிறு காய்கறிப் பாத்திக்கும் போதுமானது. கூத்தாடுவோன் மறுநாட் காலையில் மலைக்கு ஏறியே ஆகவேண்டும்.