முத்தையா முரளிதரனின் ஆட்டவாழ்வும் மலையகத் தமிழர் வரலாறும்

மலையகத் தமிழரின் வரலாறு பெரும்பாலும் சட்டங்களின் வரலாறாகவும் ஒப்பந்தங்களின் வரலாறாகவுமே எழுதப்பட்டு வந்துள்ளது. பத்தொன்பதாம் நூற்றாண்டில் தென்னிந்தியக் கிராமங்களிலிருந்து கோப்பித் தோட்டங்களுக்கும், பின்னர் தேயிலைத் தோட்டங்களுக்கும் கொணரப்பட்ட மக்களைப் பற்றிய நூல்களில் தொழிலாளர் தொகை, கூலி, குடியுரிமை, வாக்குரிமை ஆகியன விரிவாக ஆராயப்படுகின்றன. விளையாட்டு அவற்றில் இடம்பெறுவதில்லை. விடியற்காலைப் பிரட்டுக்களத்திலிருந்து மாலையிற் கொழுந்து நிறுக்கும் வரை உழைத்த மக்களுக்கு விளையாட ஓய்வேது என்ற எண்ணம் இதற்கு ஒரு காரணமாகலாம். ஆயினும் இம்மக்களின் வழித்தோன்றல் ஒருவர் உலகக் கிரிக்கெட்டில் எவரும் எட்டாத எல்லையை எட்டியுள்ளார். முத்தையா முரளிதரனின் ஆட்டவாழ்வை அச்சமுதாயத்தின் வரலாற்றோடு இணைத்து நோக்கும்போது, அவருடைய வெற்றி மலையகத்தைப் பற்றி எதனை எடுத்துரைக்கின்றது, எதனை எடுத்துரைக்கவில்லை என்பது தெளிவாகும்.

மலைநாட்டுக்குக் கிரிக்கெட்டைக் கொணர்ந்தோர் வெள்ளைத் துரைமாரே. தேயிலைச் செய்கை 1867இல் லூல்கந்துரையில் ஜேம்ஸ் டெய்லரால் தொடங்கப்பட்டு, கோப்பி நோயினால் அழிந்தபின் மலைச்சரிவெங்கும் பரந்தது. துரைமார் தமக்கெனக் கழகங்களை அமைத்துக்கொண்டனர். நானுஓயாவை அடுத்த ரதெல்லையிலும் டிக்கோயாவை அடுத்த டரவளையிலும் கிரிக்கெட், றக்பி ஆகியவற்றுக்கெனப் புற்றரைகள் சமன்செய்யப்பட்டன. செங்குத்தான மலைநாட்டிற் சமநிலம் அரிது. கிடைத்த சமநிலத்துட் சிறந்தது துரைமாரின் ஆட்டத்துக்கு ஒதுக்கப்பட்டது. லயங்களில் வாழ்ந்த தொழிலாளர் அப்புற்றரைகளை வெட்டவும் உருட்டவும் சென்றனரேயன்றி ஆடச் சென்றாரல்லர்.

கொழும்பின் நிலை வேறாக இருந்தது. அங்கே 1899இல் நிறுவப்பட்ட தமிழ் யூனியன் கழகம் சிறந்த ஆட்டக்காரர் பலரை உருவாக்கியது. அக்கழகத்தைச் சேர்ந்த மகாதேவன் சதாசிவம், 1948ஆம் ஆண்டு பிரட்மன் தலைமையில் இங்கிலாந்து செல்லும் வழியிற் கொழும்பில் ஆடிய அவுஸ்திரேலிய அணிக்கெதிராக இலங்கை அணிக்குத் தலைமை தாங்கினார். அதே 1948இலேயே இலங்கைக் குடியுரிமைச் சட்டம் நிறைவேறியது. இந்நாட்டிற் பிறந்தமை மட்டும் குடியுரிமைக்குப் போதாதென்றும், தந்தைவழிப் பிறப்பு எண்பிக்கப்பட வேண்டுமென்றும் அது விதித்தது. பிறப்புப் பதிவுகளோ பிற ஆவணங்களோ இல்லாத தோட்ட மக்களுட் பெரும்பாலோர் இதனால் நாடற்றவராயினர். 1949ஆம் ஆண்டுத் தேர்தற் சட்டத் திருத்தம் அவர்களுடைய வாக்குரிமையையும் பறித்தது. 1947ஆம் ஆண்டுத் தேர்தலில் ஏழு பிரதிநிதிகளைப் பாராளுமன்றத்துக்கு அனுப்பிய சமுதாயம் இவ்வாறு அரசியற் களத்திலிருந்தே அகற்றப்பட்டது. தமிழரொருவர் நாட்டின் அணியை வழிநடத்திய அதே ஆண்டில் மற்றொரு தமிழ்க்கூட்டம் நாட்டுக்குப் புறத்தே நிறுத்தப்பட்டமை, ஈழத்தில் 'தமிழர்' என்னும் ஒரு சொல்லினுள் எத்துணை வேறுபட்ட நிலைகள் அடங்கியிருந்தன என்பதை உணர்த்துகின்றது.

முரளிதரனின் பாட்டனார் பெரியசாமி சின்னசாமி 1920ஆம் ஆண்டு தென்னிந்தியாவிலிருந்து மத்திய மலைநாட்டுத் தேயிலைத் தோட்டத்துக்கு வேலைக்கு வந்தவர். பிற்காலத்தில் அவர் தாயகம் திரும்பித் திருச்சிராப்பள்ளியிற் பெண்மக்களுடன் வாழ்ந்தார். மகன் முத்தையா உள்ளிட்டோர் இலங்கையிலேயே தங்கினர். கடலின் இருபுறமும் குடும்பம் பிரிந்து வாழ்தல் மலையகத்துக்குப் புதிதன்று. 1964ஆம் ஆண்டுச் சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தம் 975,000 மக்களின் எதிர்காலத்தைக் கணக்கிட்டு, 525,000 பேரை இந்தியாவுக்கும் 300,000 பேரை இலங்கைக்கும் பங்கிட்டது. எஞ்சிய 150,000 பேர் 1974ஆம் ஆண்டு உடன்பாட்டினாற் சரிபாதியாகப் பிரிக்கப்பட்டனர். அக்காலத்தில் ஹட்டன், தலவாக்கலை, நானுஓயா நிலையங்களிலிருந்து புறப்பட்ட இரயில் வண்டிகள் உற்றாரைப் பிரித்துக்கொண்டு சென்றமையை மலையகம் இன்றும் மறக்கவில்லை.

முத்தையா தோட்டத்தை விட்டு வெளியேறிக் கண்டிப் பகுதியில் விசுக்கோத்துத் தயாரிக்கும் தொழிலை நடத்தினார். அவருக்கும் இலட்சுமிக்கும் பிறந்த ஆண்மக்கள் நால்வருள் மூத்தவராக முரளிதரன் 1972ஆம் ஆண்டு ஏப்ரல் 17ஆம் நாள் பிறந்தார். தோட்டத்தை விட்டகன்றமை குடும்பத்தை இன்னல்களிலிருந்து முற்றாகக் காக்கவில்லை. 1977ஆம் ஆண்டு ஓகஸ்ட் மாதத் தமிழர் எதிர்ப்பு வன்செயலிற் தந்தையார் தாக்கப்பட்டு வெட்டுக் காயங்களுக்கு உள்ளானார். ஆயினும் தொழிலும் குடும்பமும் நிலைத்தன. ஒன்பது வயதில் முரளிதரன் கண்டிப் புனித அந்தோனியார் கல்லூரியிற் சேர்க்கப்பட்டார்.

இச்சேர்க்கையே அவர் வாழ்வின் திருப்புமுனை எனலாம். அக்கல்லூரியில் ஆடுகளமும் பயிற்சியாளரும் பிற கல்லூரிகளுடன் ஆண்டுதோறும் நடைபெறும் போட்டிகளும் இருந்தன. முதலில் மித வேகப் பந்துவீச்சாளராக விளங்கிய அவரைப் பதினான்காம் வயதிற் சுழற்பந்து வீசுமாறு பணித்தவர் பயிற்சியாளர் சுனில் பெர்ணாண்டோ. பிறவியிலேயே முழுமையாக நிமிராத முழங்கையும் அளவுகடந்து சுழலவல்ல மணிக்கட்டும் அவருடைய பந்துக்குப் பிறரிடம் காணாத திருப்பத்தை அளித்தன. ஏனைய ஓப் ஸ்பின் பந்துவீச்சாளர் விரல்களாற் பந்தைச் சுழற்ற, இவர் மணிக்கட்டினாற் சுழற்றினார். இறுதி இரு பருவங்களில் நூற்றுக்கு மேற்பட்ட விக்கெட்டுக்களை வீழ்த்தி, 1991இல் ஆண்டின் சிறந்த பாடசாலைக் கிரிக்கெட் வீரராகத் தெரிவானார். பின்னர் சதாசிவம் ஆடிய தமிழ் யூனியன் கழகத்திலேயே அவரும் சேர்ந்தார். கொழும்புக் கனவான்களின் கழகம் தோட்டத் தொழிலாளியின் பேரனுக்கு வாயிலைத் திறந்தமை காலமாற்றத்தின் அடையாளமாகும்.

1992ஆம் ஆண்டு ஓகஸ்ட் 28ஆம் நாள் கெத்தாராமையில் அவுஸ்திரேலியாவுக்கெதிராக அவர் முதன்முறையாக டெஸ்ட் போட்டியில் ஆடினார். கிரெய்க் மெக்டர்மட் அவருடைய முதல் விக்கெட் ஆனார். இலங்கைக்காக ஆடிய முதற் தமிழர் அவரல்லர். ஸ்ரீதரன் ஜெகநாதன், வினோதன் ஜோன் ஆகியோர் 1980களிலேயே டெஸ்ட் போட்டிகளில் ஆடியுள்ளனர். ஆயின் அதுவரை இரண்டே டெஸ்ட் போட்டிகளில் வென்றிருந்த இலங்கையை எவரும் அஞ்சும் அணியாக மாற்றியோருள் முதன்மையானவர் அவரே. 1996ஆம் ஆண்டு உலகக் கிண்ணத்தை வென்ற அணியில் அவர் இடம்பெற்றார். 1998ஆம் ஆண்டு ஓகஸ்ட் மாதம் இலண்டன் ஓவல் மைதானத்தில் இங்கிலாந்துக்கெதிராக 220 ஓட்டங்களுக்கு 16 விக்கெட்டுக்களை வீழ்த்தினார். இரண்டாம் இன்னிங்சில் 65 ஓட்டங்களுக்கு 9 விக்கெட்டுக்கள் அவருக்கே உரியனவாயின. எஞ்சியவர் ஓட்டமெடுக்கையில் ஆட்டமிழந்தார். இங்கிலாந்து மண்ணில் இலங்கை பெற்ற முதலாவது டெஸ்ட் வெற்றி அதுவாகும்.

இவ்வெற்றிகளுக்கிடையே அவருடைய பந்துவீச்சின் முறைமையே கேள்விக்குள்ளாக்கப்பட்டது. 1995ஆம் ஆண்டு டிசம்பர் 26ஆம் நாள் மெல்பேர்ண் மைதானத்தில் நடுவர் டரல் ஹெயர், அவர் பந்தை எறிகிறார் எனக் கூறி ஏழு தடவைகள் நோ போல் அறிவித்தார். அதே நாளில் மறுமுனையிலிருந்து அவர் தொடர்ந்து பந்து வீசியபோது அங்கு நின்ற நடுவர் குறை எதுவும் காணவில்லை. சில நாட்களின் பின் பிரிஸ்பேனில் ரொஸ் எமர்சனும் அவ்வாறே அறிவித்தார். எறிதல் மிக அரிதெனக் கருதப்படும் லெக் ஸ்பின் பந்துகூட விலக்களிக்கப்படவில்லை. 1999ஆம் ஆண்டு ஜனவரியில் அடிலெய்டில் எமர்சன் மீண்டும் அறிவித்தபோது, அணித்தலைவர் அர்ஜுன ரணதுங்க வீரர்களை எல்லைக்கோடு வரை அழைத்துச் சென்று ஆட்டத்தை நிறுத்தினார். தமிழ்ப் பந்துவீச்சாளர் ஒருவருக்காகச் சிங்களத் தலைவர் உலகின் முன்னிலையில் உறுதியுடன் நின்ற அக்காட்சி, போர் நடந்துகொண்டிருந்த நாட்டில் நிகழ்ந்தது என்பது ஈண்டு மனங்கொள்ளத்தக்கது.

முரளிதரன் வழக்குரைத்துத் தம்மைக் காத்துக்கொள்ளவில்லை. தம் உடலையே சோதனைக்கு ஒப்படைத்தார். 1996இல் மேற்கு அவுஸ்திரேலியப் பல்கலைக்கழகத்திலும் ஹொங்கொங்கிலும் நிகழ்ந்த ஆய்வுகள், நிமிராத கையின் அமைப்பு எறிவது போன்ற தோற்றமயக்கத்தை ஏற்படுத்துகின்றது என முடிவு செய்தன. 2004ஆம் ஆண்டு டூஸ்ரா என்னும் மாற்றுத்திருப்பப் பந்து பற்றி முறையிடப்பட்டபோது அவர் மீண்டும் சோதிக்கப்பட்டார். அதே காலத்து விரிவான ஆய்வுகள், குறையற்றோர் எனக் கருதப்பட்ட பந்துவீச்சாளருட் பெரும்பாலோரும் கையை ஓரளவு நிமிர்த்துகின்றனர் என்பதை வெளிக்கொணர்ந்தன. சர்வதேச கிரிக்கெட் சபை 2005ஆம் ஆண்டு மார்ச் முதலாம் நாள் தொடக்கம் யாவர்க்கும் 15 பாகை என்ற ஒரே வரம்பை விதித்தது. ஒருவரைக் குற்றவாளியாக்க முனைந்த விசாரணை, விதியின் குறையையே அம்பலப்படுத்தி முடிந்தது.

இந்நிகழ்ச்சி மலையக வாசகர் உள்ளத்திற் பழைய நினைவொன்றை எழுப்பாதிராது. பாட்டனும் பூட்டனும் பிறந்த இடத்தைத் தாளில் எண்பிக்குமாறு ஒரு சமுதாயம் பணிக்கப்பட்டது. அச்சமுதாயத்தின் பிள்ளையொருவர் தம் கையின் நேர்மையைக் கருவிகளால் எண்பிக்குமாறு பணிக்கப்பட்டார். இரண்டும் ஒன்றல்ல. அவருக்கு மருத்துவரும் ஆய்வுகூடமும் நாட்டின் கிரிக்கெட் நிருவாகமும் துணை நின்றன. முடிவும் சில ஆண்டுகளிற் கிட்டியது. லயத்து மக்களுக்கு அத்தகைய துணை இருக்கவில்லை. இந்திய வம்சாவளியினருக்குக் குடியுரிமை வழங்கும் இறுதிச் சட்டம் 2003ஆம் ஆண்டிலேயே நிறைவேறியது. 1948ஆம் ஆண்டுத் தவறு தீர ஐம்பத்தைந்து ஆண்டுகள் சென்றன.

2007ஆம் ஆண்டு டிசம்பர் 3ஆம் நாள், தம் சொந்த ஊரான கண்டியின் அஸ்கிரிய மைதானத்தில் இங்கிலாந்தின் போல் கொலிங்வூட்டை வீழ்த்தி 709ஆவது விக்கெட்டைப் பெற்று, ஷேன் வோர்னின் 708 என்னும் சாதனையை அவர் கடந்தார். 2010ஆம் ஆண்டு ஜூலையில் இந்தியாவுக்கெதிரான காலிப் போட்டியுடன் டெஸ்ட் ஆட்டத்திலிருந்து விலகுவதாக அறிவித்தபோது அவரிடம் 792 விக்கெட்டுக்களே இருந்தன. தொடரில் எஞ்சிய போட்டிகளில் ஆடினால் இலக்கை எளிதில் எட்டியிருக்கலாம். அவரோ முடிவை மாற்றவில்லை. ஜூலை 22ஆம் நாள், தம் டெஸ்ட் வாழ்வின் இறுதிப் பந்தில், மகேல ஜயவர்தனவின் பிடியின் மூலம் பிரக்யான் ஓஜாவை ஆட்டமிழக்கச் செய்து 800ஐ எட்டினார். 133 டெஸ்ட் போட்டிகளில் 800, ஒருநாட் போட்டிகளில் 534 என அமைந்த கணக்கை இதுவரை எவரும் விஞ்சவில்லை.

இனி, முன்னர் எழுப்பிய வினாவுக்கு வருவோம். இவ்வெற்றியை மலையகத்தின் வெற்றி எனக் கொள்வதிற் பெருமை உண்டு; ஆயினும் எச்சரிக்கையும் வேண்டும். முரளிதரன் லயத்தில் வளர்ந்தவரல்லர். தோட்டத்தை விட்டு வெளியேறிய தந்தையின் தொழிலும் நகரத்துக் கல்லூரியின் ஆடுகளமுமே அவருக்கு வழிகோலின. அவர் பந்து வீசப் பழகிய அதே ஆண்டுகளில், அண்மையிலே அரசு பொறுப்பேற்கத் தொடங்கியிருந்த தோட்டப் பாடசாலைகள் பல, ஓரிரு ஆசிரியருடனும் தொடக்க வகுப்புகளுடனுமே இயங்கின.

பிறநாட்டு உதாரணமொன்று இவ்விடத்து விளக்கம் தரும். ஏறத்தாழ அறுபது இலட்சம் மக்களையே கொண்ட டென்மார்க், பூப்பந்தாட்டத்தில் ஆசியப் பெருநாடுகளுக்கு ஈடாக நிற்கின்றது. 2021இல் நடைபெற்ற தோக்கியோ ஒலிம்பிக்கிலும் 2024ஆம் ஆண்டுப் பரிஸ் ஒலிம்பிக்கிலும் தங்கப்பதக்கம் வென்ற விக்டர் அக்செல்சன், ஒடென்சே நகரக் கழகமொன்றிற் சிறுவனாகவே பயிற்சி தொடங்கியவர். அங்கே ஊர்தோறும் கழகமும் உள்ளரங்கும் உள்ளன; திறமை எவ்வீட்டிற் பிறப்பினும் அதனைக் கண்டெடுக்க ஒருவர் இருக்கிறார். மலையகத்திலோ திறமை மலையிறங்கி நகருக்கு வந்தபின்னரே கண்டெடுக்கப்பட்டது. இறங்கி வர வழியற்றுத் தேயிலைச் செடிகளுக்கிடையே மறைந்தோர் எத்தனை பேர் என்பதற்கு எந்தப் புள்ளிப்பட்டியலும் இல்லை.

அவருடைய பிற்கால நிலைப்பாடுகளும் விவாதத்துக்குரியனவாயின. 2019ஆம் ஆண்டு ஜனாதிபதித் தேர்தற் காலத்தில் கோத்தாபய ராஜபக்சவுக்கு ஆதரவாகப் பேசியமை தமிழர் பலரிடையே கடுங் கண்டனத்தைத் தோற்றுவித்தது. அவருடைய வாழ்வைச் சித்திரிக்கும் '800' என்னும் திரைப்படத்திலிருந்து 2020ஆம் ஆண்டு நடிகர் விஜய் சேதுபதி விலக நேர்ந்தது. படம் வேறொரு நடிகருடன் 2023இல் வெளிவந்தது. அவ்வேளையில் வெளியிட்ட அறிக்கையில் முரளிதரன், தம் குடும்பம் மலையகத் தேயிலைத் தோட்டத்திற் கூலிகளாக வாழ்வைத் தொடங்கியதென எடுத்துரைத்தார். அரசியலில் அவரோடு உடன்படாதோரும் அவ்வரலாற்றை மறுத்தல் இயலாது. அவ்வரலாற்றை மதிப்போர் அவருடைய அரசியலை ஏற்கவேண்டும் என்பதுமில்லை. வீரர் ஒருவரின் கை ஈட்டிய புகழையும் அவர் நாவின் சொற்களையும் தனித்தனியே நிறுத்தல் வரலாற்று மாணவரின் கடமையாகும்.

ஆகவே 800 என்னும் எண்ணை மலையகம் இருவகையாகப் படிக்கவேண்டும். 1920இல் மலையேறிய தொழிலாளியின் பேரன் ஏறத்தாழ அறுபதாண்டுகளின் பின் ஓர் ஆடுகளத்தை அடைந்தபோது எய்திய உயரத்தை அது காட்டுகின்றது. அவ்வாடுகளம் தோட்டத்து எல்லைக்கு வெளியே இருந்தமையையும் அதுவே காட்டுகின்றது. அடுத்த முரளிதரன் தோட்டத்தை விட்டகலாமலே, தன் பாடசாலைக்கு அருகேயுள்ள மைதானத்திற் பந்து வீசக் கற்கும் நாளிலேயே இவ்வரலாறு நிறைவுறும்.