களரியிலிருந்து மேடைக்கு: சு. வித்தியானந்தனின் கூத்துப் பணி

ஈழத்துத் தமிழ்க் கூத்தை ஊர்க் களரி எனும் ஆடுகளத்துக்கு வெளியே இருந்தவர்களும் பார்க்கும்படி செய்தவர்களில் முதன்மையானவர் பேராசிரியர் சு. வித்தியானந்தன். 1924இல் யாழ்ப்பாணத்துத் தெல்லிப்பழையில் பிறந்த அவர் அடிப்படையில் சங்க இலக்கிய ஆய்வாளர். பத்துப்பாட்டை ஆராய்ந்து 1950இல் லண்டன் பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டம் பெற்றார். அந்த ஆய்வின் வழியே உருவான 'தமிழர் சால்பு' 1954இல் நூலானது.

நாடகத்தில் அவருக்கு முன்னோடி, அவருடைய ஆசிரியர் க. கணபதிப்பிள்ளை. யாழ்ப்பாணப் பேச்சுத் தமிழில் கணபதிப்பிள்ளை எழுதிய சமூக நாடகங்களைத் தாம் கற்பித்த இலங்கைப் பல்கலைக்கழக மாணவர்களைக் கொண்டு வித்தியானந்தன் மேடையேற்றினார். அவை படித்தவர்களின் நாடகங்கள்; கூத்துக்கும் அவற்றுக்கும் தொடர்பில்லை.

திருப்பம் சிங்கள அரங்கிலிருந்து வந்தது. அதே பல்கலைக்கழகத்தில் பணியாற்றிய எதிரிவீர சரச்சந்திர, சிங்களத்தின் 'நாடகம' என்ற நாட்டார் நாடக மரபைக் கொண்டு 1956இல் 'மனமே'யை அரங்கேற்றினார். அந்த மரபுக்கு வேராக இருந்தது தமிழ்க் கத்தோலிக்கக் கூத்து. பக்கத்து மொழியின் பெருமையாக மாறிய ஒன்று சொந்த மண்ணில் மதிப்பின்றிக் கிடந்தது வித்தியானந்தனை உலுக்கியது. இலங்கைக் கலைக்கழகத் தமிழ் நாடகக் குழுவின் தலைமை அவரிடம் வந்தபோது கூத்தே அவரது முதல் வேலையாயிற்று.

அவர் கையில் எடுத்தது மட்டக்களப்புக் கூத்தை. அங்கே கூத்து வடமோடி, தென்மோடி என இரு வகை. வடமோடி பெரும்பாலும் பாரத, இராமாயணப் போர்க்கதைகளை ஆடுவது. திருவண்ணாமலை, செய்யாறு வட்டாரத்தில் விடிய விடியக் கர்ண மோட்சம் பார்த்தவர்களுக்கு அங்குள்ள கர்ணன் போரின் கதை புதிதன்று. ஆட்டமும் அரங்கும்தான் வேறு. வட்டக் களரியைச் சுற்றி நான்கு புறமும் சனம் அமர்ந்திருக்கும். கூத்தைப் பழக்கும் ஆசானான அண்ணாவியார் மத்தளத்தோடு களரிக்குள்ளேயே நின்று கூத்தை நடத்துவார். மாதக்கணக்கில் பழகி, சதங்கை அணிந்து, பிறகே அரங்கேற்றம். ஒவ்வொரு பாத்திரத்துக்கும் தனி வரவுத் தாளம் உண்டு. பாடிய அடியைப் பிற்பாட்டுக்காரர் திரும்பப் பாடுவர். கூத்து முடியும்போது விடிந்திருக்கும்.

இதை வித்தியானந்தன் இரண்டு மணி நேரத்துக்குள் அடங்கும்படி சுருக்கினார். திரும்பத் திரும்ப வந்தவற்றைக் குறைத்தார். முன்புறம் மட்டுமே பார்வையாளர் இருக்கும் படச்சட்ட மேடைக்கு ஏற்ப ஆட்டங்களை மாற்றினார். ஆனால் தாளத்தையும் அடவையும் தாமாகப் புனையவில்லை. அண்ணாவியாரைப் பல்கலைக்கழகத்துக்கு அழைத்து வந்து மாணவர்களுக்குக் கற்பிக்க வைத்தார். ஊர்க் கலைஞர் ஒருவர் பட்டப்படிப்பு மாணவர்க்கு ஆசானாக நின்றது அவர் செய்தவற்றில் ஆகப் பெரியது. 'கர்ணன் போர்' 1962இலும் 'நொண்டி நாடகம்' 1963இலும் மேடை கண்டன. அடுத்து வந்த 'இராவணேசன்' பழைய ஏட்டைச் சுருக்கியதன்று, புதிதாக எழுதப்பட்டது. மட்டக்களப்பிலிருந்து படிக்க வந்த சி. மௌனகுரு அதன் ஆக்கத்திலும் ஆட்டத்திலும் பங்கேற்றார். அதில் இராவணன் அரக்கனாக வரவில்லை. தன் தவற்றுக்கும் மானத்துக்கும் நடுவே சிக்கி அழியும் துன்பியல் நாயகனாக வந்தான். 'வாலிவதை' அதற்கடுத்தது.

மேடைக்கு வெளியேயும் வேலை நடந்தது. அண்ணாவிமாருக்கு மாநாடுகளும் பாராட்டுகளும், பள்ளிகளுக்கு நாடகப் போட்டிகளும் ஏற்பாடாயின. வாய்மொழியிலும் ஏடுகளிலும் இருந்த கூத்துகளில் 'அலங்காரரூபன் நாடகம்' (1962), 'எண்டிறீக்கு எம்பரதோர் நாடகம்' (1964), 'மூவிராசாக்கள் நாடகம்' (1966) ஆகியவற்றை அவர் பதிப்பித்தார். இவற்றில் பின்னிரண்டும் மன்னார்க் கத்தோலிக்க மரபைச் சேர்ந்தவை.

மேடைக்கு வந்ததில் இழப்பும் இருந்தது. களரியைச் சுற்றி இருந்த ஊர், இருட்டுக்குள் அமர்ந்த பார்வையாளராகச் சுருங்கியது. வடிவம் புதுப்பிக்கப்பட்டும் கதை அரச வாழ்வை விட்டு இறங்கவில்லை என்ற குறையையும் அடுத்த தலைமுறை உணர்ந்தது. மௌனகுரு 1969இல் வடமோடியிலேயே சாதி, வர்க்க ஒடுக்குமுறையைப் பேசும் 'சங்காரம்' படைத்தார். காத்தவராயன் கூத்தின் வடிவில் வந்த 'கந்தன் கருணை' கோயில் நுழைவுப் போராட்டத்தைப் பாடியது. கூத்து நகர மேடைக்கு ஏற்கெனவே வந்திராவிட்டால் இந்த இரண்டுக்கும் வழி பிறந்திருக்காது.

தமிழ்நாட்டில் இதற்கு இணையான சந்திப்பு பின்னரே நிகழ்ந்தது. ந. முத்துசாமி 1977இல் கூத்துப்பட்டறையைத் தொடங்கினார். திருவண்ணாமலை மாவட்டத்துப் புரிசையைச் சேர்ந்த கண்ணப்பத் தம்பிரானின் தெருக்கூத்து அவரது நாடகப் பார்வையையே மாற்றியது. ஈழத்தில் பல்கலைக்கழகமும் அரசுக் கலைக்கழகமும் முன்னின்று செய்ததை இங்கே ஓர் எழுத்தாளரும் சிறு குழுவும் செய்ய வேண்டியிருந்தது.

வித்தியானந்தன் 1979 முதல் 1988 வரை யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத் துணைவேந்தராக இருந்தார். நாடகமும் அரங்கியலும் அங்கே பாடமாக வேரூன்றின. மௌனகுரு மட்டக்களப்பு மரபுவழி நாடகங்களை ஆராய்ந்து அங்கேயே முனைவர் பட்டம் பெற்றார். வித்தியானந்தன் 1989இல் காலமானார்.