ஜெய்சங்கர்: துப்பாக்கிப் படங்களின் நாயகன்

ஜெய்சங்கர் (1938–2000), ஜோசப் தளியத் இயக்கி 1965 பொங்கலுக்கு வெளியான ‘இரவும் பகலும்’ வழியே நாயகனாக அறிமுகமான தமிழ்த் திரைப்பட நடிகர். ‘மக்கள் கலைஞர்’ என்று அழைக்கப்பட்ட இவரை எம்.ஜி.ஆர்., சிவாஜி இருவருக்கும் அடுத்த வரிசையில் வைத்து ஓரிரு வரியில் கடந்துவிடுவது திரை வரலாற்றில் வழக்கமாகிவிட்டது. அந்த வரிசையே தவறான அளவுகோல். உளவாளிப் படம், குதிரையும் துப்பாக்கியுமான கௌபாய்ப் படம் என்ற இரு வகைகள் தமிழில் வேரூன்றியது இவரால்தான். இவருடைய வாழ்க்கைப்பணியின் நடுப்பகுதி அதுவே. அதற்குக் களம் அமைத்ததில் கொங்கு மண்ணுக்குப் பெரும் பங்குண்டு. திருச்செங்கோட்டுக்காரரான டி. ஆர். சுந்தரம் சேலத்தில் நிறுவிய மாடர்ன் தியேட்டர்ஸ், குறித்த செலவில், குறித்த காலத்தில் படத்தை முடித்துத் தரும் தொழிற்கூடமாக இயங்கியது. அன்னூர் போன்ற சிற்றூர்க் கொட்டகைகளுக்கும் ஆண்டு முழுவதும் படம் வேண்டும்; பெரிய நாயகர்களின் படங்கள் மட்டும் அதற்குப் போதா. அந்த இடத்தை நிரப்பியவர், வெள்ளிக்கிழமைதோறும் படம் வரும் நாயகன் என்று பெயர் வாங்கிய ஜெய்சங்கர்.

சுந்தரத்தின் மகன் ஆர். சுந்தரம் இயக்கிய ‘வல்லவன் ஒருவன்’ (1966), ‘சி.ஐ.டி. சங்கர்’ (1970) இரண்டும் இவருக்குத் ‘தென்னகத்து ஜேம்ஸ்பாண்ட்’ என்ற பெயரை நிலைக்கச் செய்தன. பின்னதில் நடித்த சகுந்தலா கடைசிவரை ‘சி.ஐ.டி. சகுந்தலா’ என்றே அறியப்பட்டார். ஒளிப்பதிவாளர் கர்ணன் இயக்கிய ‘காலம் வெல்லும்’ (1970), ‘கங்கா’, ‘ஜக்கம்மா’ (இரண்டும் 1972) இவரைக் குதிரை ஏற்றின. இவை வெளிநாட்டுச் சரக்கின் நகல்கள் என்பது பழைய குற்றச்சாட்டு. கதையும் உடையும் கடன் வாங்கியவை என்பது உண்மை. இப்படங்களின் இசையமைப்பாளர் வேதாவின் மெட்டுகளில் பலவும் இந்தியிலிருந்து வந்தவை. ஆனால் வகைப்படம் எங்குமே கடனில்தான் தொடங்குகிறது. ஜப்பானின் நிக்காட்சு நிறுவனம் 1959 முதல் அகிரா கோபயாஷியைக் கிட்டாரும் குதிரையுமாக உலவவிட்டது. அதே படங்களில் எதிராளியாக வந்த ஜோ ஷிஷிடோ பிறகு நாயகனாகி, உலகெங்கும் ரசிகர்களைப் பெற்றார். அங்கே அதைத் தனிப் பாணி என்று ஆராய்கிறோம். சேலத்தில் நடந்ததை மட்டும் நகல் என்று ஒதுக்குவது நியாயமில்லை. நீண்ட அடுக்குவசனம் கோலோச்சிய காலத்தில் சுருக்கமாகப் பேசி, சிரித்த முகத்தோடு சண்டையில் இறங்கும் நாயகனைப் பழக்கியது இவர் கொண்டுவந்த புதுமை.

‘பஞ்சவர்ணக்கிளி’ (1965), ‘பூவா தலையா’ (1969) போன்ற குடும்பப் படங்களை முன்வைத்து, இவரை ஒரு வகைக்குள் அடைப்பது சரியா என்றும் கேட்கலாம். அவற்றில் இவர் நன்றாகவே நடித்திருக்கிறார். ஆனால் அந்த வேடங்களை ஏற்க அன்று வேறு நடிகர்களும் இருந்தார்கள். சி.ஐ.டி. சங்கராக வர இன்னொருவர் இல்லை. ‘முரட்டுக்காளை’யில் (1980) ரஜினிகாந்துக்கு எதிராளியாக இவரைத் தேர்ந்தபோது, சண்டைக்காரர் என்று பதினைந்து ஆண்டுகளில் சேர்ந்த மதிப்பே அந்த வில்லனுக்கு எடை கொடுத்தது. ஷிஷிடோ சென்ற பாதைக்கு நேரெதிர்த் திசை இது. சிம்புதேவன் 2010-இல் ‘இரும்புக்கோட்டை முரட்டு சிங்கம்’ என்ற தமிழ்க் கௌபாய்ப் படத்தை எடுத்தபோது, கதை நடக்கும் ஊருக்கு ஜெய்சங்கரபுரம் என்று பெயர் வைத்தார்.