அடியில் கூட்டல் இல்லாத கணக்கு நோட்டு

மளிகைக் கடை பற்று நோட்டைப் பார்த்தவர்களுக்குத் தெரியும். தேதி, சாமான், தொகை என்று வரிசையாக எழுதிக்கொண்டே போவார் கடைக்காரர். மாதக் கடைசியில் ஒரு கோடு போட்டு, அடியில் கூட்டுத்தொகை எழுதுவார். வீட்டில் "இந்த மாசம் இவ்வளவா?" என்ற பேச்சு கிளம்புவது அந்தக் கோட்டுக்குக் கீழே இருக்கும் எண்ணைப் பார்த்துத்தான். மேலே உள்ள வரிகளை யாரும் உட்கார்ந்து படிப்பதில்லை.

கம்ப்யூட்டர் விளையாட்டுகளை இணையத்தில் விற்கும் கம்பெனிகளும் இதே மாதிரி ஒரு நோட்டு வைத்திருக்கின்றன. எந்தத் தேதியில் என்ன வாங்கினார், எந்தக் கார்டில் பணம் கட்டினார், எல்லாம் அதில் இருக்கும். ஆனால் ரொம்ப நாளைக்கு அடியில் கோடு மட்டும் கிடையாது. மொத்தம் எவ்வளவு செலவழித்தோம் என்று பார்க்க விரும்பியவர் காகிதமும் பேனாவும் எடுத்துக்கொண்டு தானே கூட்டிப் பார்க்க வேண்டியிருந்தது. சில கடைகளில் அப்படிக் கூட்டவும் முடியாது. ஏன் முடியாது, பிறகு அந்தக் கோடு எப்படி வந்தது என்பது கொஞ்சம் சுவாரஸ்யமான கதை.

பெட்டியில் போட்டு விற்ற காலத்தில் இந்தச் சிக்கலே இல்லை. கடைக்குப் போய் சிடி வாங்கினால் பில் கொடுப்பார்கள், அத்தோடு முடிந்தது. யார் வாங்கினார் என்று தயாரித்த கம்பெனிக்கே தெரியாது. அமெரிக்காவின் வால்வ் நிறுவனம் 2003 செப்டம்பர் 12 அன்று ஸ்டீம் என்ற மென்பொருளை வெளியிட்டதிலிருந்து இது மாறத் தொடங்கியது. முதலில் அது கவுன்ட்டர் ஸ்ட்ரைக் போன்ற தன் சொந்த விளையாட்டுகளுக்கு அப்டேட் அனுப்பும் கருவிதான். 2004 நவம்பரில் ஹாஃப் லைஃப் 2 வந்தபோது, கடையில் பெட்டியாக வாங்கியவர்கள்கூட ஸ்டீமில் ஒரு கணக்கு திறந்தால்தான் விளையாட முடியும் என்றார்கள். அப்போது திட்டாதவர்கள் குறைவு! 2005-ல் மற்ற கம்பெனிகளின் விளையாட்டுகளும் அங்கே விற்பனைக்கு வந்தன. வாங்கிய பொருள் அலமாரியில் இல்லாமல் ஒரு பெயருக்குக் கீழே பதிவாக உட்கார்ந்தது. வாடிக்கையாளரின் நோட்டு அங்கிருந்து ஆரம்பிக்கிறது.

இதை எழுதும் விதத்தில் பெரிய சாமர்த்தியம் காட்டியது மைக்ரோசாஃப்ட். 2005 நவம்பர் 22 அன்று எக்ஸ்பாக்ஸ் 360 வெளிவந்தது. அதன் இணையக் கடையில் விலைகள் டாலரில் இல்லை, "மைக்ரோசாஃப்ட் பாயிண்ட்ஸ்" என்ற ஒரு தனி நாணயத்தில் இருந்தன. ஒரு டாலருக்கு 100 பாயிண்ட் என்று வைத்திருந்தால் எல்லாருக்கும் புரிந்திருக்கும். அவர்கள் வைத்தது 80! 400 பாயிண்ட் என்றால் 5 டாலர், 800 என்றால் 10 டாலர், 1200 என்றால் 15 டாலர். 80-ஆல் வகுத்துப் பார்க்கும் பழக்கம் உலகத்தில் எந்தக் கடைத் தெருவிலும் கிடையாது.

அதோடு போகவில்லை. கன்சோலில் பாயிண்ட்களை 500, 1000, 2000, 5000 என்று கட்டாகத்தான் விற்றார்கள். 800 பாயிண்ட் விளையாட்டு வேண்டுமென்றால் 1000 பாயிண்ட் கட்டு வாங்க வேண்டும். கார்டிலிருந்து போவது 12.50 டாலர், விளையாட்டின் விலை 10 டாலர், மிச்சம் 200 பாயிண்ட் அந்தரத்தில் தொங்கும். இந்த 200 என்ற எண்ணை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். 2006 ஏப்ரலில் பெதஸ்டா நிறுவனம் தன் ஆப்லிவியன் விளையாட்டில் வரும் குதிரைக்கு ஒரு கவசம் விற்றது. ஆட்டத்தில் பெரிதாக ஒன்றும் மாறாது, குதிரை பார்க்கக் கொஞ்சம் பகட்டாக இருக்கும், அவ்வளவுதான். விலை 200 பாயிண்ட், அதாவது 2.50 டாலர். உலகமே கிண்டல் செய்தது, ஆனாலும் வாங்கினார்கள். மிச்சத்தில் கிடந்த 200 பாயிண்டைக் கொடுத்தவருக்கு அது செலவு மாதிரியே தோன்றியிருக்காது.

காமர்ஸ் படிப்பவர்களுக்கு இதில் இன்னொரு வேடிக்கையும் தெரியும். வாடிக்கையாளர் கட்டிய பணத்துக்கு இன்னும் சரக்கு கொடுக்கவில்லை என்றால் அது வருமானம் ஆகாது, கம்பெனியின் புத்தகத்தில் பொறுப்பாகத்தான் நிற்கும். ஆகவே அந்த மிச்சப் பாயிண்ட் எவ்வளவு என்று கம்பெனியின் கணக்காளருக்கு எப்போதும் தெரிந்தாக வேண்டும். வாங்கியவருக்கோ பாங்க் ஸ்டேட்மென்ட்டில் டாலர் வரும், கடையில் பாயிண்ட் வரும். இரண்டையும் ஒரே பத்தியில் வைத்துக் கூட்ட முடியாது. ஒரே கணக்குதான். ஒரு பக்கத்துக்குப் பைசா வரை தெளிவு, மறுபக்கத்துக்கு மூட்டம்.

நின்டெண்டோவும் 2006-ல் வீ என்ற கன்சோலோடு பாயிண்ட் முறையில்தான் இறங்கியது. ஆனால் அங்கே 100 பாயிண்ட் ஒரு டாலர் என்பதால் மனக்கணக்கு போட முடிந்தது. பழைய எட்டு பிட் விளையாட்டு ஒன்று 500 பாயிண்ட் என்றால் 5 டாலர் என்று குழந்தையும் சொல்லிவிடும். சோனி தன் பிளேஸ்டேஷன் ஸ்டோரில் ஆரம்பத்திலிருந்தே நிஜப் பணத்தில் விலை போட்டது. ஆக, பாயிண்ட் இல்லாமலும் கடை நடத்த முடியும் என்பது அப்போதே எல்லாருக்கும் கண் முன்னால் இருந்தது. மைக்ரோசாஃப்ட் 2013 ஆகஸ்டில்தான் பாயிண்ட்களைக் கைவிட்டு, இருப்பில் இருந்ததை அந்தந்த நாட்டுப் பணமாக மாற்றிக் கொடுத்தது. கிட்டத்தட்ட எட்டு வருடம்.

சோனியின் நோட்டுக்கு வேறு விதத்தில் கஷ்டம் வந்தது. 2011 ஏப்ரலில் பிளேஸ்டேஷன் நெட்வொர்க்குக்குள் திருடர்கள் புகுந்தார்கள். சுமார் 7 கோடியே 70 லட்சம் கணக்குகள் பாதிக்கப்பட்டன, மூன்று வாரத்துக்கு மேல் சேவையே நின்று போனது. எவையெல்லாம் திருடு போயிருக்கலாம் என்று சோனி வெளியிட்ட பட்டியலில் பெயர், முகவரி, பாஸ்வேர்டு ஆகியவற்றோடு "வாங்கிய விவரங்கள்" என்பதும் இருந்தது. தான் என்னென்ன வாங்கினோம் என்று ஒருநாளும் திறந்து பார்த்திராதவர்கள், தங்கள் நோட்டை வேறு யாரோ படித்திருக்கலாம் என்ற செய்தியை அன்றைக்குக் கேட்டார்கள்.

இதற்குள் மொபைல் காலம் வந்துவிட்டது. 2009-ல் ஆப்பிள் ஐபோனில் விளையாட்டுக்குள்ளேயே பொருள் வாங்கும் வசதி வந்தது. அதே வருடம் அக்டோபரில் இலவச விளையாட்டுகளுக்கும் அது நீட்டிக்கப்பட்டது. ஒருமுறை பாஸ்வேர்டு போட்டால் அடுத்த 15 நிமிடத்துக்கு மறுபடி கேட்காது. அப்பா ஒரு இலவச விளையாட்டை இறக்கிவிட்டு போனைக் குழந்தை கையில் கொடுத்தால், அந்த 15 நிமிடம் குழந்தையின் ராஜ்ஜியம். ஸ்மர்ஃப்ஸ் வில்லேஜ் என்ற விளையாட்டில் எட்டு வயதுச் சிறுமி ஒருத்தி 1400 டாலருக்கு "ஸ்மர்ஃப் பெர்ரி" வாங்கிய கதையை 2011 பிப்ரவரியில் வாஷிங்டன் போஸ்ட் வெளியிட்டது. அந்தக் குழந்தைக்கு பெர்ரி மட்டும்தான் தெரியும். டாலர், பெரியவர்களின் கார்டு பில்லில். அடுத்த மாதமே ஆப்பிள் இதற்குத் தனியாகப் பாஸ்வேர்டு கேட்க ஆரம்பித்தது. அமெரிக்க வர்த்தக ஆணையமான எஃப்டிசி விடவில்லை. 2014 ஜனவரியில் குறைந்தது 3 கோடியே 25 லட்சம் டாலரைப் பெற்றோருக்குத் திருப்பிக் கொடுக்க ஆப்பிள் ஒப்புக்கொண்டது. அதே வருடம் செப்டம்பரில் கூகுளின் முறை, குறைந்தது 1 கோடியே 90 லட்சம் டாலர்.

சரி, அடியில் போட வேண்டிய அந்தக் கோட்டுக்கு வருவோம்.

ஸ்டீமில் 2010-ல் வாலட் வந்தது. பணத்தை முதலில் அதில் போட்டு வைத்து, பிறகு சிறுகச் சிறுகச் செலவழிக்கலாம். இப்போதும் அங்கே "பர்ச்சேஸ் ஹிஸ்டரி" பக்கத்தைத் திறந்தால் பாங்க் பாஸ்புக் போலவே இருக்கும். தேதி, பொருள், தொகை, வாலட்டில் ஏறியது அல்லது இறங்கியது, மீதி. ஒழுங்கான பக்கம்தான், குறை சொல்ல முடியாது. ஆனால் கூட்டுத்தொகை இல்லை. அந்த எண் இருப்பது வேறு இடத்தில். ஸ்டீம் சப்போர்ட்டுக்குள் போய், "மை அக்கவுண்ட்" திறந்து, கணக்கு தொடர்பான தகவல்கள் என்ற நீளமான பட்டியலில் தேடினால் "எக்ஸ்டர்னல் ஃபண்ட்ஸ் யூஸ்டு" என்று ஒரு வரி கிடைக்கும். அதைத் தட்டினால் "டோட்டல் ஸ்பென்ட்" என்ற பெயரில், அலங்காரம் எதுவும் இல்லாமல், ஒரு டாலர் எண். பல வருடச் செலவு ஒரே வரியில்! அதைப் பார்த்துவிட்டு வாய் பிளந்தவர்களின் புலம்பல்கள் இணையத்தில் ஏராளம்.

வெளியிலிருந்து ஸ்டீமுக்குள் வந்த பணம் எவ்வளவு என்று வால்வ் எண்ணிப் பார்க்கக் காரணம் இருந்தது. அது வாடிக்கையாளர் மேல் உள்ள அக்கறை இல்லை. 2015 ஏப்ரலில் ஒரு விதி வந்தது. குறைந்தது 5 டாலராவது செலவழிக்காத கணக்குகள் மற்றவர்களுக்கு நண்பர் அழைப்பு அனுப்ப முடியாது, இன்னும் சில வசதிகளும் கிடையாது. காசு செலவில்லாமல் ஆயிரக்கணக்கில் கணக்கு திறந்து மோசடி செய்பவர்களைத் தடுக்கத்தான் இது. வேறு நாட்டுப் பணத்தில் கட்டினாலும் அன்றைய மாற்று விகிதத்தில் டாலராக்கித்தான் பார்ப்பார்கள். இந்தியர்களுக்கு அதே 2015-ல் ரூபாயில் விலை வந்தது, என்றாலும் இந்த எண் டாலரில்தான். வெளிக்கடையில் வாங்கி வந்த பெட்டியின் கீயை ஸ்டீமில் போட்டால் அது அந்த 5 டாலரில் சேராது. இதனால் ஒருவரின் நிஜச் செலவு அந்த எண்ணைவிட அதிகமாகவே இருக்கலாம்.

வரிகளாக இருக்கும் பக்கத்துக்கும் அதே வருடம் ஜூனில் ஒரு புது உபயோகம் வந்தது. வாங்கி 14 நாளுக்குள், 2 மணி நேரத்துக்குக் குறைவாக விளையாடியிருந்தால் பணத்தைத் திருப்பிக் கேட்கலாம் என்று வால்வ் அறிவித்தது. பழைய கொள்முதலைத் திறந்து, அதிலிருந்தே விண்ணப்பிக்கலாம். இதையும் தானாக நடந்த நல்ல காரியமாக மட்டும் பார்க்க முடியாது. ஆஸ்திரேலியாவின் நுகர்வோர் ஆணையம் 2014-லேயே வால்வ் மேல் வழக்குப் போட்டிருந்தது. 2016 டிசம்பரில் 30 லட்சம் ஆஸ்திரேலிய டாலர் அபராதம் விழுந்தது.

லீக் ஆஃப் லெஜண்ட்ஸ் விளையாட்டை நடத்தும் ரயட் கேம்ஸ் தன் சப்போர்ட் தளத்தில் மொத்தச் செலவைக் காட்டும் ஒரு பொத்தானையே வைத்தது. விளையாட்டு இலவசம், செலவெல்லாம் பெரும்பாலும் உடை, அலங்காரம்தான். அதனால் அந்த எண்ணைப் பார்ப்பதற்குக் கொஞ்சம் தைரியம் வேண்டும்! ஐரோப்பாவில் 2018 மே 25 முதல் தகவல் பாதுகாப்புச் சட்டம் அமலானது. தன்னைப் பற்றி ஒரு கம்பெனி வைத்திருக்கும் விவரத்தைக் கேட்டால் பொதுவாக ஒரு மாதத்துக்குள் கொடுத்தாக வேண்டும். வாங்கிய கணக்கும் அதில் அடக்கம். சீனா இன்னும் ஒரு படி மேலே போனது. 2019 நவம்பரில் வந்த உத்தரவுப்படி 8 முதல் 16 வயதுக்கு உட்பட்டவர்கள் மாதம் 200 யுவான், 16 முதல் 18 வயதுக்கு உட்பட்டவர்கள் 400 யுவான், அதற்கு மேல் செலவழிக்க முடியாது. இப்படி ஒரு வரம்பு வந்துவிட்டால் ஒவ்வொரு பையனின் மாதக் கூட்டுத்தொகையையும் கம்பெனியே போட்டு வைத்தாக வேண்டும், வேறு வழியில்லை.

நோட்டைப் பார்த்து "இது நான் வாங்கியது இல்லையே" என்று கேட்பவருக்கு என்ன நடக்கும்? ஃபோர்ட்நைட் விளையாட்டின் எபிக் கேம்ஸ் மேல் 2022 டிசம்பரில் எஃப்டிசி வைத்த குற்றச்சாட்டுகளில் மோசமானது இதுதான். ஒரே பொத்தானில் பணம் போய்விடும்படி கடை அமைத்திருந்தார்கள், பொருளைச் சும்மா பார்க்க நினைத்துப் பக்கத்துப் பொத்தானில் விரல் பட்டாலும் வாங்கியதாகிவிடும் என்றது ஆணையம். இப்படிப் போன பணத்தைத் திரும்பக் கேட்டு கார்டு கம்பெனியிடம் முறையிட்டவர்களின் கணக்கை எபிக் பூட்டிவிட்டது என்றும் சொன்னது. ஐம்பது டாலருக்குச் சண்டை போடப் போய், அதுவரை நூற்றுக்கணக்கில் கொடுத்து வாங்கியதெல்லாம் உள்ளே மாட்டிக்கொண்டால் எத்தனை பேர் சண்டை போடுவார்கள்? இந்தப் பகுதிக்கு மட்டும் 24 கோடியே 50 லட்சம் டாலர் வாடிக்கையாளர்களுக்குத் திருப்பித் தர எபிக் சம்மதித்தது. 2023 மார்ச்சில் அந்த உத்தரவு இறுதியானது.

ஃபோர்ட்நைட்டிலும் விலைகள் டாலரில் இல்லை, வி பக்ஸ் என்ற நாணயத்தில்தான். கன்சோல் கடைகள் கைவிட்ட பாயிண்ட் முறை, ஒவ்வொரு விளையாட்டுக்குள்ளும் தனித்தனி ரத்தினம், காசு, வைரம் என்று திரும்பி வந்துவிட்டது. ஸ்டீமின் பாஸ்புக் பக்கம் ரத்தினம் வாங்கியது வரைதான் சொல்லும், அந்த ரத்தினம் எதற்குப் போனது என்று சொல்லாது. 2025 மார்ச்சில் ஐரோப்பிய நாடுகளின் நுகர்வோர் அமைப்புகள் சேர்ந்து இந்த நாணயங்களுக்குச் சில கோட்பாடுகளை வெளியிட்டன. விளையாட்டு நாணயத்தில் விலை போட்டால் பக்கத்திலேயே நிஜப் பணத்திலும் விலை போட வேண்டும் என்பது அதில் ஒன்று. தேவைக்கு மேல் நாணயம் வாங்கும்படி கட்டு கட்டாக விற்கக் கூடாது என்பது இன்னொன்று. 800 பாயிண்ட் விளையாட்டுக்கு 1000 பாயிண்ட் கட்டு விற்ற எக்ஸ்பாக்ஸ் 360 வெளிவந்து அப்போது இருபதாவது வருடம் நடந்துகொண்டிருந்தது.