மாயா பஜார் (1957 திரைப்படம்)

மாயா பஜார், மகாபாரதக் கிளைக்கதை ஒன்றை நகைச்சுவையாக்கித் தந்த திரைப்படம். விஜயா புரொடக்‌ஷன்ஸ் சார்பில் பி. நாகி ரெட்டியும் சக்ரபாணியும் தயாரிக்க, கே. வி. ரெட்டி இயக்கத்தில் தெலுங்கிலும் தமிழிலும் தனித்தனியே எடுக்கப்பட்டது. தெலுங்குப் படம் 1957 மார்ச் 27 அன்றும், தமிழ்ப் படம் அடுத்த மாதமும் வெளிவந்தன.

பலராமன் தன் மகள் வத்சலாவை (தெலுங்கில் சசிரேகா) அபிமன்யுவுக்குக் கொடுப்பதாக வாக்களித்திருக்கிறான். பாண்டவர்கள் சூதில் நாட்டை இழந்ததும் சம்பந்தம் கைமாறுகிறது. துரியோதனன் மகன் லட்சுமண குமாரனுக்கு நிச்சயம் ஆகிறது. கிருஷ்ணனின் தூண்டுதலால் பீமனின் அரக்க மகன் கடோத்கஜன் மணப்பெண்ணைத் தூக்கிச் சென்றுவிட்டு, அவள் உருவில் தானே கல்யாண வீட்டில் வந்து உட்காருகிறான். கௌரவர் கூட்டம் தங்குவதற்கு அவன் ஆட்கள் எழுப்பும் மாய விடுதியும் கடைத்தெருவுமே படத்துக்குப் பெயர் தந்தன.

வியாசர் பாரதத்தில் இந்தக் கல்யாணம் இல்லை. அங்கே அபிமன்யுவின் மனைவி உத்தரை மட்டுமே. வத்சலா கதை நாட்டார் வழக்கிலும் மேடையிலும் வளர்ந்தது. சுரபி நாடகக் குழுவினர் அதைத் தெலுங்கு நாடெங்கும் நடித்தனர். 1936-இல் பி. வி. தாஸ் இயக்கத்தில் தெலுங்குப் படமாகவும் வந்தது. கே. வி. ரெட்டி படத்தின் துணிச்சல் வேறு இடத்தில் இருக்கிறது. பாரதக் கதை என்று சொல்லப்படும் இந்தப் படத்தில் பாண்டவர் ஐவரில் ஒருவர்கூடத் திரையில் வருவதில்லை. நாயகர்களை ஒதுக்கிவிட்டு, சம்பந்தி வீட்டுச் சண்டையையும், பணம் போனதும் மாறும் உறவினர் முகத்தையும், பந்திச் சாப்பாட்டையும் நடுவில் வைத்தார் இயக்குநர். பிங்கலி நாகேந்திர ராவின் தெலுங்கு வசனமும், தஞ்சை ராமையாதாஸின் தமிழ் வசனமும் பாடல்களும் அரண்மனைப் பேச்சை வீட்டுப் பேச்சாக்கின.

நடிப்பில் முதலிடம் சாவித்திரிக்கே. பெண் வேடத்தில் இருக்கும் கடோத்கஜனாக அவர் நடிக்கும் காட்சிகளைக் கூர்ந்து பார்க்க வேண்டும். முகம் மணப்பெண்ணுடையது, நடையும் தோள் அசைவும் அரக்கனுடையவை. பாணிக்கிரகணத்தில் மாப்பிள்ளையின் கையை நசுக்கிவிட்டு, அடுத்த நொடியே தலைகுனிந்து நாணுகிறார். தமிழில் லட்சுமண குமாரனாக கே. ஏ. தங்கவேலு அலறும் அலறல் அந்த நாணத்துக்குப் பதில். தெலுங்கில் அந்த வேடம் ரேலங்கிக்கு. அபிமன்யுவாகத் தமிழில் ஜெமினி கணேசன், தெலுங்கில் நாகேஸ்வர ராவ்; சகுனியாகத் தமிழில் நம்பியார். ஏறி நின்றவர் உண்மையை உளறும் பீடம் ஒன்று படத்தில் உண்டு. சகுனி அதில் கால் வைத்ததும் சம்பந்தத்தின் உள்நோக்கம் சபைக்குத் தெரிந்துவிடுகிறது. கடோத்கஜனாக எஸ். வி. ரங்கா ராவ் தனி ஆளாகக் கல்யாணச் சாப்பாட்டைக் காலி செய்யும் பாட்டைத் தமிழில் திருச்சி லோகநாதன் பாடினார். இசை கண்டசாலா. மார்க்கஸ் பார்ட்லியின் ஒளிப்பதிவில் லட்டுகள் தாமாகவே அவர் வாய்க்குள் போகும் காட்சி, இன்றும் குழந்தைகளை வாய்விட்டுச் சிரிக்க வைக்கிறது.

இரு மொழியும் புழங்கும் சித்தூர், திருப்பதி வட்டாரத்தோடு இப்படத்தைச் சேர்த்துப் பார்ப்பது பொருந்தும். இங்குள்ள தர்மராஜா, திரௌபதியம்மன் கோயில்களில் ஆண்டுதோறும் ‘பாரதம்’ நடக்கிறது: பகலில் கதை சொல்வார்கள், இரவில் கூத்து. பகாசுர வதத்தன்று பீமன் வேடக்காரர் சோற்று வண்டியில் ஊர்வலம் வருவதும், முடிவில் மண்ணால் படுக்கவைத்துச் செய்த துரியோதனனை வீழ்த்தித் தீமிதி நடப்பதும் வழக்கம். பக்தியும் சிரிப்பும் ஒரே களத்தில் இருப்பது இந்தக் கூத்துக்கு இயல்பு; கூத்தின் கோமாளியான கட்டியக்காரன் அரசனையே கேலி செய்வான், யாரும் அதைக் குற்றமாக எடுத்துக்கொள்வதில்லை. பெருந்தீனி பீமனின் மகன் பந்தியைக் காலி செய்ததும் இவ்வூர்களுக்குப் புதுமை அல்ல. மாயா பஜார் காவியத்தை மலினப்படுத்தவில்லை, இந்தக் கூத்துச் சிரிப்பைத்தான் திரைக்குக் கொண்டுவந்தது என்றே கொள்ள வேண்டும்.

கிரேக்கக் காவியமான ஒடிசியை 1930களின் மிசிசிப்பிக்கு மாற்றி கோயன் சகோதரர்கள் 2000-இல் எடுத்த ‘ஓ பிரதர், வேர் ஆர்ட் தவ்?’ இதற்கு நல்ல ஒப்பீடு. யுலிசிஸ் அங்கே சிறையிலிருந்து தப்பிய கைதி. ஒற்றைக்கண் அரக்கன், பைபிள் விற்கும் மோசடிக்காரன். ஆனால் அந்தப் படம் காவியத்தின் காலத்தையே மாற்றுகிறது. மாயா பஜார் காலத்தை அப்படியே விட்டுவிட்டு ஆட்களின் சுபாவத்தை நம் வீட்டாருடையதாக்குகிறது. இரண்டாவது வேலை கடினமானது. கிரீடம் தரித்தவன் நம் மாமாவைப் போல் பேச வேண்டும், கிரீடமும் விழக்கூடாது.

கிருஷ்ணனாக இரு மொழியிலும் என். டி. ராமா ராவ் நடித்தார். முன்பு வேறொரு படத்தில் அவர் ஏற்ற சிறிய கிருஷ்ண வேடம் எடுபடவில்லை. மாயா பஜாருக்குப் பிறகு தெலுங்கருக்குக் கிருஷ்ணன் என்றாலே அவர் முகம்தான். 1960-இல் ‘ஸ்ரீ வெங்கடேஸ்வர மகாத்மியம்’ படத்தில் ஏழுமலையானாக நடித்த பின், திருமலை யாத்திரை வந்த ஆந்திர பக்தர்கள் சென்னையில் அவர் வீட்டுக்கும் வரத் தொடங்கினர். பின்னர் அரசியலில் இறங்கி, 1983 ஆந்திர சட்டமன்றத் தேர்தலில் அவர் வென்ற இரு தொகுதிகளில் திருப்பதி ஒன்று. தயாரிப்பாளர் நாகி ரெட்டியோ 1980களின் தொடக்கத்தில் திருமலை திருப்பதி தேவஸ்தான அறங்காவலர் குழுத் தலைவராக இருந்தார்.

தெலுங்குப் படம் 2010-இல் வண்ணமேற்றப்பட்டு மீண்டும் திரைக்கு வந்தது. இந்திய சினிமாவின் நூற்றாண்டையொட்டி 2013-இல் ஒரு தொலைக்காட்சி நடத்திய வாக்கெடுப்பில் இந்தியாவின் மிகச் சிறந்த படமாகத் தேர்வானது.