ஒற்றியும் ஈடும்: மன்னார்க் கரையின் நெடுங்கடன்

வீட்டையோ வளவையோ ஈடுவைத்துக் கடன் பெற எண்ணுவோர் முதலிற் கேட்கும் கேள்வி, மாதந்தோறும் எவ்வளவு கட்டவேண்டும் என்பதேயாகும். பாடசாலை அதிபர் என்ற முறையில் ஆசிரியர் பலருடைய கடன் விண்ணப்பங்களில் நான் ஒப்பமிட்டிருக்கிறேன். மாதக் கட்டணம் சம்பளத்துக்குள் அடங்குமா என்று கணக்குப் பார்க்காதவர் எவருமிலர். கடன் தீரும் நாளில் கைவிட்டுப் போன பணம் மொத்தம் எவ்வளவாயிருக்கும் என்று கேட்டவரை விரல்விட்டு எண்ணிவிடலாம். இந்த இரண்டாவது கேள்விக்கு மன்னார்த் தீவிலும் அதனையடுத்த பெருநிலக் கரையிலும் நெடிய வரலாறு ஒன்று உண்டு. அதனையே இன்று எடுத்துக்கொள்கிறேன்.

மன்னாரைப் போர்த்துக்கேயர் 1560ஆம் ஆண்டிற் கைப்பற்றிக் கோட்டை கட்டினர். 1658இல் அது ஒல்லாந்தர் வசமாயிற்று. 1795இல் ஆங்கிலேயரிடம் சேர்ந்தது. ஆட்சிகள் மாறியபோதும் இக்கரையின் குடிகள் காசு வேண்டியபொழுது கையாண்ட வழி பெரிதும் மாறவில்லை. மீன்பிடியும் முத்துக்குளிப்பும் காசைத் தந்தன. ஆனால் அவை காற்றையும் கடலையும் நம்பியவை. கட்டுக்கரைக் குளத்தின்கீழ் நெல் விளையும். மழை பொய்த்தால் அதுவும் இல்லை. மகளின் திருமணத்துக்கோ வழக்குச் செலவுக்கோ காசு வேண்டியவர் பனங்காணியையோ வயலையோ வீட்டையோ ஒற்றி வைத்தார். ஒற்றி என்பது வட்டிக்குப் பதிலாக விளைவை விட்டுக்கொடுப்பது. காசு கொடுத்தவர் காணியை ஆள்வார். நெல்லும் தேங்காயும் பனம்பொருளும் அவருக்குரியன. வீடாயின் அதிற் குடியிருப்பார், அல்லது வாடகைக்கு விடுவார். காணிக்காரர் வாங்கிய முதலை முழுமையாகத் திருப்பிக் கொடுக்கும் நாளிற் காணி மீளும். அதுவரை வட்டி என்ற பேச்சே இல்லை. தமிழகத்து நகரங்களில் இன்றும் வீடுகளை ஒத்திக்கு விடுவதும் போக்கியத்துக்கு விடுவதும் இதன் வழிவந்த வழக்கங்களே.

இவ்வழக்கத்தை ஏட்டிலேற்றியவர்கள் ஒல்லாந்தர். தேசாதிபதி கொர்னேலிஸ் யோவான் சீமன்ஸ் 1706இற் பிறப்பித்த கட்டளைப்படி, யாழ்ப்பாணத்தில் முப்பது ஆண்டுகளுக்கு மேற் பணிபுரிந்த திசாவை கிளாஸ் ஐசாக்ஸ் என்பவர் நாட்டு வழமைகளைத் தொகுத்தார். தொகுப்பு தமிழில் மொழிபெயர்க்கப்பட்டுப் பன்னிரு முதலிமாரிடம் காட்டப்பட்டது. அவர்கள் 1707இல் அதனைச் சரியென ஏற்றனர். இதுவே தேசவழமை. மன்னாரும் அக்காலத்தில் யாழ்ப்பாணப் பட்டினத்து ஆட்சிப் பிரிவில் அடங்கியிருந்தது. பின்னர் ஆங்கிலத் தேசாதிபதி தோமஸ் மெயிற்லண்ட் காலத்தில், 1806ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரமாணம் இத்தொகுப்புக்குச் சட்ட வலிமை அளித்தது.

தேசவழமை ஒற்றியைப் பற்றிக் கூறுவன நுணுக்கமானவை. காணிக்காரர் நினைத்த நாளில் முதலை நீட்டிக் காணியைக் கேட்டுவிட முடியாது. நிலத்தில் நிற்கும் பயிர் எதுவோ அதற்கேற்ற பருவத்தில், விளைவு கைக்கு வந்தபின்னரே மீட்கலாம். உழுது விதைத்தவன் நட்டப்படலாகாது என்பதே இதன் கருத்து. காணி விற்கப்படும்போது உரித்தாளரும் பங்காளிகளும் மட்டுமன்றி, அக்காணியை ஒற்றிக்கு வைத்திருக்கும் அயற்காணிக்காரரும் முதலில் வாங்கும் உரிமை உடையவராயினர். விற்பனையைக் கோவிலில் மூன்று ஞாயிற்றுக்கிழமைகளிற் பகிரங்கப்படுத்தவேண்டும். உறுதியோலையை அவ்வூர்ப் பாடசாலை உபாத்தியாயரே எழுதுவார். ஊரிலுள்ள கடனும் காணியும் எவருக்குத் தெரியாவிடினும் உபாத்தியாயருக்குத் தெரிந்திருக்கும். எமது தொழிலின் முன்னோர் இப்படியும் ஒரு பாரத்தைச் சுமந்தனர் என்பதை இன்றைய ஆசிரியர்கள் அறிந்தால் வியப்படைவர்.

இனிக் கணக்குக்கு வருவோம். எண்கள் யான் உதாரணத்துக்கு எடுத்துக்கொண்டவை. ஒருவர் 1,000 ரூபாவுக்கு வயலை ஒற்றி வைக்கிறார். செலவு போக அவ்வயல் ஆண்டுக்கு 180 ரூபா தருகிறது என வைத்துக்கொள்வோம். ஊரில் வட்டி நூற்றுக்கு 12 ஆயின், ஆயிரத்துக்கு வட்டி 120 ரூபாவே. ஆகவே ஆண்டுதோறும் 60 ரூபா கூடுதலாகப் போகிறது. வட்டி என்று பெயர் சொல்லாதபடியால் இந்த 60 ரூபா கண்ணுக்குத் தெரிவதில்லை. இருபது ஆண்டில் ஒற்றிக்காரர் அனுபவித்த விளைவு 3,600 ரூபா. அதன்பின்னும் முதல் 1,000 ரூபா அப்படியே நிற்கிறது. அதே 180 ரூபாவை ஆண்டுதோறும் வட்டிக்கும், மிச்சத்தை முதலுக்குமாகக் கழித்து வந்திருந்தால், கடன் பத்தாவது ஆண்டிலேயே தீர்ந்திருக்கும். ஒற்றியின் உண்மை விலை இந்த இடைவெளியில் இருக்கிறது. விளைவு முதலைத் தொடுவதில்லை. அதனாற் கடன் பத்தாண்டானாலும் ஐம்பதாண்டானாலும் இளைப்பதில்லை.

இக்குறையை நம் முன்னோர் மாத்திரம் காணாதிருந்தனர் என்று எண்ணவேண்டாம். ஐரோப்பாவிலும் இதே வழக்கம் இருந்தது. நாம் இன்று வங்கியிற் கேட்கும் 'மோட்கேஜ்' என்ற சொல் பழைய பிரெஞ்சு மொழியிற் செத்த ஈடு என்று பொருள்படும். பன்னிரண்டாம் நூற்றாண்டின் இறுதியில் எழுந்த, கிளான்வில் பெயரால் வழங்கும் ஆங்கிலச் சட்டநூல் ஈட்டை இரண்டாக வகுக்கிறது. நிலத்தின் விளைவு கடனைக் குறைத்துக்கொண்டு போனால் அது உயிருள்ள ஈடு. விளைவைக் கடன் கொடுத்தவனே உண்டு, கடன் குறையாமல் நின்றால் அது செத்த ஈடு. அதைக் கண்டித்தே அந்நூல் பேசுகிறது. 1163ஆம் ஆண்டில் ரூர் நகரிற் கூடிய திருச்சபைச் சங்கமும் குருமார் இத்தகைய ஈட்டை வாங்கலாகாதெனத் தடுத்தது. (பிற்காலச் சட்ட அறிஞர் அச்சொல்லுக்கு வேறு விளக்கமும் கூறினர், அது இங்கு வேண்டியதில்லை.) நமது ஒற்றி, அப்பழைய பொருளின்படி, செத்த ஈடேயாகும்.

எனினும் ஒற்றியை முற்றாகக் குறைகூறுதல் நீதியன்று. மாதந்தோறும் பணம் கட்டவேண்டிய அச்சம் அதில் இல்லை. மழை பொய்த்தால் நட்டம் ஒற்றிக்காரரைச் சேரும். காணிக்காரர் மேல் வட்டி ஏறுவதில்லை. இன்னொரு விந்தையும் உண்டு. முதல் ரூபாவிற் குறிக்கப்பட்டதேயன்றி நெல்லிலன்று. உலக யுத்தக் காலங்களில் விலைவாசி ஏறியபோது, பல ஆண்டுக்கு முன் எழுதிய 100 ரூபா ஒற்றியை மீட்பது எளிதாயிற்று. காசின் மதிப்பு இறங்கிய நட்டம் கடன் கொடுத்தவரையே சார்ந்தது. நீண்டகாலக் கடனில் யாருக்கு இலாபம், யாருக்கு நட்டம் என்பதை எழுதும் நாளில் இருவருள் எவரும் அறியார். பேரன் மீட்கும்பொழுதே அது வெளிப்படும்.

இதற்கு இக்கரையிலேயே பெரியதோர் எடுத்துக்காட்டு உண்டு. அது வீட்டுக் கடனன்று, முத்துச் சலாபக் குத்தகை. அரிப்புக்கு அப்பாலுள்ள முத்துப்பார்களின் வருவாய் முன்னைய தேசாதிபதிகளின் கண்ணைக் கவர்ந்தது. பிரெடெறிக் நோர்த் அங்கே 1801ஆம் ஆண்டு தொடக்கம் கட்டிய மாளிகையின் இடிபாடு கடலோரத்தில் நிற்கிறது. 1905ஆம் ஆண்டுச் சலாபம் பெருவெற்றியாயிற்று. எட்டுக் கோடி சிப்பிகள் எடுக்கப்பட்டன, அரசுக்குச் சுமார் 25 இலட்சம் ரூபா வந்தது. சிப்பியில் மூன்றிலொரு பங்கு குளிகாரருக்குரியது. மற்ற இரண்டும் அரசுக்குரியன. இவ்வருவாயைக் கண்ட இலண்டன் முதலாளிகள் கம்பனியொன்றை அமைத்து, 1906ஆம் ஆண்டில், ஆண்டுக்கு 3,10,000 ரூபாவாக இருபது ஆண்டுகளுக்குப் பார்களைக் குத்தகைக்கு எடுத்தனர். மொத்தம் 62 இலட்சம் ரூபா. இத்தொகை அவர்களுக்குப் பெரிதாகத் தோன்றவில்லை. 1907க்குப் பின்னர்ப் பார்களிற் சிப்பி காணப்படவில்லை. குத்தகைப்பணமோ ஆண்டுதோறும் நின்றது. 1912அளவிற் கம்பனி கலைந்தது. இரண்டு மூன்று செழிப்பான ஆண்டுகளைக் கண்டு இருபது ஆண்டுக்கு ஒப்பமிட்டவர்களின் கதை இது. சம்பளம் உயர்ந்த ஆண்டில் வீடு கட்டத் துணிபவருக்கும் இக்கதையில் ஒரு பங்குண்டு.

கடன் ஒற்றியிலிருந்து வட்டியீட்டுக்கு மாறியது மெல்லமெல்ல நிகழ்ந்தது. 1840ஆம் ஆண்டின் 7ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம், காணி பற்றிய எழுத்து நொத்தாரிசு முன்னிலையில் இரு சாட்சிகளுடன் நிறைவேறவேண்டும் என்றது. உபாத்தியாயரின் ஓலை போய் உறுதி வந்தது. நாட்டுக்கோட்டைச் செட்டிமார் கொழும்பிலும் மாகாண நகரங்களிலும் கடன் கொடுத்தனர். வங்கிகளிடம் பணம் பெற்று அதனைக் கூடிய வட்டிக்கு விட்டனர். 1925இல் வங்கிகள் அவர்களுக்குக் கடனைச் சுருக்கின. 1929க்குப் பின் உலகப் பொருண்மந்தம் வந்தபோது கட்டமுடியாத கடனுக்கு ஈடாயிருந்த காணிகள் பல அவர்கள் கைக்கு மாறின. இவ்விடர்ப்பாட்டின் மத்தியில் 1931ஆம் ஆண்டின் 16ஆம் இலக்கச் சட்டத்தால் அரச ஈட்டு வங்கி நிறுவப்பட்டது. வங்கி ஆணைக்குழுவின் 1934ஆம் ஆண்டு அறிக்கையைத் தொடர்ந்து 1939இல் இலங்கை வங்கி திறக்கப்பட்டது. அரச ஈட்டு வங்கி பின்னர் வேறு நிறுவனத்துடன் இணைந்து அரச ஈட்டு முதலீட்டு வங்கியாக இயங்குகிறது.

வங்கிக் கடன் ஒற்றியைப்போலச் செத்த ஈடன்று. கட்டும் தொகையில் ஒரு பகுதி முதலைக் குறைக்கிறது. ஆனால் எத்தனை மெதுவாகக் குறைக்கிறது என்பதைக் காண்மின். 10 இலட்சம் ரூபாவை நூற்றுக்கு 12 வட்டியில் இருபது ஆண்டுக்குப் பெற்றால் மாதக் கட்டணம் சுமார் 11,011 ரூபா. முதன் மாதத்தில் இதில் 10,000 ரூபா வட்டிக்கே போகிறது. முதலிற் கழிவது 1,011 ரூபா. பத்தாண்டு முடிவில் 13 இலட்சத்து 21 ஆயிரத்துக்கு மேற் கட்டியிருப்பீர்கள். இன்னும் 7 இலட்சத்து 67 ஆயிரத்துக்கு மேற் கடன் நிற்கும். இருபதாண்டு நிறைவிற் கட்டிய மொத்தம் 26 இலட்சத்து 42 ஆயிரம். பத்து இலட்சத்தின் விலை இதுவே. இதே கடனைப் பதினைந்து ஆண்டிற் தீர்ப்பதாயின் மாதம் 12,002 ரூபா, மொத்தம் 21 இலட்சத்து 60 ஆயிரம். மாதத்துக்குக் கூடுதலாகக் கட்டுவது ஆயிரம் ரூபாவுக்குக் குறைவு; மிஞ்சுவது நான்கு இலட்சத்து 82 ஆயிரம். கடனின் தொடக்கத்தில் மேலதிகமாகக் கட்டும் ஒவ்வொரு ரூபாவும், முடிவிற் கட்டும் ரூபாவிலும் பன்மடங்கு வலியது. இந்தக் கணக்கை என் உயர்தர வகுப்பு மாணவர் அரை மணித்தியாலத்தில் முடித்தனர். அவர்களின் பெற்றோர் பலர் அதனை அறியாமலே ஒப்பமிட்டிருந்தனர்.

வட்டி மாறும் கடனாயின் இக்கணக்கும் நிலையாது. 2022ஆம் ஆண்டு ஏப்ரல் 8ஆந் திகதி மத்திய வங்கி தன் கொள்கை வட்டிகளை ஒரே நாளில் நூற்றுக்கு ஏழு புள்ளி உயர்த்திற்று. மேற்காட்டிய கடனின் வட்டி நூற்றுக்கு 24 ஆகுமாயின், முதன் மாத வட்டி மாத்திரமே 20,000 ரூபா; பழைய மாதக் கட்டணம் அதன் ஒரு பாதியைச் சற்றே மிஞ்சும். கட்டாதுவிட்டால், 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டப்படி, நீதிமன்றம் செல்லாமலே ஈட்டுச் சொத்தை ஏலமிடும் உரிமை வங்கிகளுக்கு உண்டு. 2024இற் பாராளுமன்றம் அவ்வுரிமையைச் சிலகாலத்துக்கு நிறுத்திவைத்தது. உரோம-ஒல்லாந்தச் சட்டத்தில் நிலுவை வட்டி முதலுக்கு மேற் போகலாகாது என்ற பழைய விதி உண்டு. அது நிலுவைக்கே பொருந்தும். ஒழுங்காக மாதம்தோறும் கட்டுபவர் இருபதாண்டிற் செலுத்தும் வட்டி முதலைத் தாண்டுவதை அது தடுப்பதில்லை. ஒழுங்காகக் கட்டுபவருக்கே அவ்விதியின் துணை இல்லை என்பது எண்ணத்தக்கது.

மன்னாரில் இக்கணக்குகளையெல்லாம் கலைத்த நிகழ்ச்சியும் ஒன்று உண்டு. 1990 ஒக்ரோபரில் தீவிலும் கரையிலும் வாழ்ந்த முசுலிம் மக்கள் விடுதலைப் புலிகளால் வெளியேற்றப்பட்டனர். தமிழ் மக்களுட் பலர் படகேறி இராமேசுவரம் சென்றனர். ஒற்றி கொடுத்தவர் ஒரு நாட்டில், வாங்கியவர் இன்னொரு நாட்டில் என்ற நிலை இத்தகைய இடப்பெயர்விற் தோன்றுவது இயல்பே. உறுதிகளோ பெட்டியோடு எரிந்துபோகக்கூடியவை. மீட்பதற்கு முதல் இருந்தாலும் வாங்குவோன் எங்கே? ஆண்டுகள் கழிந்தபின் ஆட்சியுரிமை கோருவோர் குறுக்கே நிற்பதுமுண்டு. 2016ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கச் சட்டம், ஆயுதக் கிளர்ச்சியால் உரிமையைக் கோரமுடியாதிருந்தோருக்காக, 1983 மே 1ஆந் திகதி தொடக்கம் 2009 மே 18ஆந் திகதி வரையுள்ள காலத்தை ஆட்சியுரிமைக் கணக்கினின்றும் நீக்கிற்று. அந்த இருபத்தாறு ஆண்டுகளும் அன்னோரின் வழக்குகளிற் கணக்கில் எடுக்கப்படமாட்டா.