ஆன்டிடிரஸ்ட்

அமெரிக்காவின் வானொலி, விளம்பரப் பலகை நிறுவனமான கிளியர் சேனலைப் பற்றிய தமிழாக்கம் ஒன்றில் ‘நம்பிக்கை எதிர்ப்பு வழக்கு’ என்று படித்துத் திகைத்தேன். மூலச் சொல் ஆன்டிடிரஸ்ட். ‘டிரஸ்ட்’ என்றால் நம்பிக்கைதான். பிறகு, பிறரை நம்பி ஒப்படைக்கும் சொத்தையும் அறக்கட்டளையையும் அது குறித்தது. 1882இல் ராக்ஃபெல்லரின் ஸ்டாண்டர்டு ஆயில், பல கம்பெனிகளின் பங்குகளைச் சில டிரஸ்டிகள் கையில் ஒப்படைத்துச் சந்தையை வளைத்தது. அப்போதுதான் அந்த நல்ல சொல்லில் ‘வணிகக் கூட்டு’ என்ற கெட்ட பொருள் ஒட்டிக்கொண்டது. 1890ஆம் ஆண்டின் ஷெர்மன் சட்டம் எதிர்த்தது இந்தக் கூட்டைத்தான், நம்பிக்கையை அல்ல. 2000இல் கிளியர் சேனல், ஏஎம்எஃப்எம் என்ற வானொலி நிறுவனத்தை வாங்க முனைந்தபோது அமெரிக்க நீதித் துறை வழக்குத் தொடுத்தது. பல வானொலி நிலையங்களோடு, விளம்பரப் பலகைத் தொழிலில் கிளியர் சேனலின் போட்டியாளரான லாமரில் ஏஎம்எஃப்எம் வைத்திருந்த பங்குகளையும் விற்கும்படி ஆயிற்று. ஒருவர் விலை கட்டுபடியாகாவிட்டால், பலகை தேடும் வணிகர் போவதற்கு இன்னொருவர் வேண்டுமே! சந்தை இப்படி ஒருவர் கைக்குள் போவதைச் சொல்ல நம்மிடம் முற்றுரிமை, ஏகபோகம் இரண்டும் உண்டு. ஏகபோகம் வயலிலிருந்து வந்த சொல். போகம் என்பது அனுபவிப்பது. தஞ்சைப் பகுதியில் முன்பு ஊர் முழுதும் ஒரே மிராசுதாரர் வசம் இருந்தால் அது ஏகபோக கிராமம். பலர் வசமிருந்தால் பலபோகம். அன்று வெறும் நிலவுடைமைக் குறிப்பு. இன்று கண்டனச் சொல். முற்றுரிமை பாடநூலுக்குப் பொருந்தும், ஆனால் அதில் அந்தக் கண்டனம் கேட்பதில்லை. செய்தி எழுதுவோர் ‘ஏகபோகத் தடுப்பு வழக்கு’ என்றே எழுதலாம், நம்பிக்கையை விட்டுவிடுங்கள்.